தராசை நிறுக்கும் தராசு: கணினிக் கண்காணிப்பும் பகிர்வு நூலகக் கோப்புகளும்

ஒரு கணினியின் உடல்நிலை எப்படி இருக்கிறது, அதற்குள் அழையாத விருந்தாளி எவரேனும் புகுந்து உட்கார்ந்திருக்கிறாரா என்னும் இரண்டு கேள்விகளுக்கும் விடை தருவதற்கென்றே எழுதப்பட்ட மென்பொருள்கள் இன்று வங்கி முதல் பள்ளி அலுவலகம் வரை எங்கும் ஓடிக்கொண்டிருக்கின்றன. முதற்கேள்விக்கு விடை தருபவற்றை நலக் கண்காணிப்பு நிரல்கள் என்றும், இரண்டாவதற்கு விடை தருபவற்றைப் பாதுகாப்பு நிரல்கள் என்றும் பிரித்துச் சொல்வது வழக்கம்; ஆனால் காரணமின்றிச் சூடேறும் கணினியும், நள்ளிரவில் யாருக்கோ செய்தி அனுப்பும் கணினியும் பெரும்பாலும் ஒரே கணினியாகவே இருப்பதால், நடைமுறையில் இவ்விரண்டும் ஒன்றின் வேலையில் மற்றொன்று கைவைக்கவே செய்கின்றன. இச்சொற்பொழிவு எடுத்துக்கொண்ட பொருள் அந்த நிரல்கள் அல்ல. அவை தம் வேலைக்காகக் கையில் எடுக்கும் பொதுக் கருவிகளாகிய நூலகக் கோப்புகளே.

பகிர்வு நூலகக் கோப்பு என்பது, பல நிரல்களுக்கும் அடிக்கடி தேவைப்படும் கட்டளைகளை ஒரே இடத்தில் எழுதிவைத்து, வேண்டியபோது வேண்டிய நிரல் எடுத்தாளும்படி அமைத்த தொகுதி. மலேசியாவின் கேமரன் மலையில், கம்போங் ராஜாவைச் சுற்றியுள்ள தேயிலைச் சரிவுகளில், இருவர் இருபுறமும் பிடித்து நடக்கும் கொய்பொறியை ஒவ்வொரு குடும்பமும் சொந்தமாக வாங்கி வைத்துக்கொள்வதில்லை. தோட்டத்துக் கொட்டகையில் இருப்பதை எடுத்துப்போய், வேலை முடிந்ததும் திரும்பக் கொண்டுவந்து வைக்கிறார்கள். அதுபோலவே, கோப்பைத் திறப்பது, நேரம் கேட்பது, கடவுச்சொல்லை மறைகுறியாக்குவது போன்ற வேலைகளை ஒவ்வொரு நிரலும் தனக்கெனத் தனியே எழுதிக்கொள்ளாமல், நிரல் தொடங்கும் கணத்தில் இயங்குதளத்தின் 'ஏற்றி' என்னும் உறுப்பு உரிய நூலகத்தைத் தேடிப் பிடித்து, நினைவகத்தில் வைத்து, நிரலோடு இணைத்துத் தருகிறது. விண்டோஸில் இக்கோப்புகள் டி.எல்.எல். என்ற பின்னொட்டோடும், லினக்ஸில் எஸ்.ஓ. என்ற பின்னொட்டோடும் காணப்படும். 1985 நவம்பரில் வெளிவந்த முதல் விண்டோஸ், 256 கிலோபைட் நினைவகம் உள்ள கணினியிலும் ஓட வேண்டியிருந்தது. அந்தக் குறுகிய இடத்தில் ஒரே கட்டளைத் தொகுதியைப் பத்து நிரல்கள் பத்துப் படிகளாக வைத்துக்கொள்ள இடமேது? சிக்கனத்தில் பிறந்த வழக்கம் இது.

இன்று நினைவகத்துக்குப் பஞ்சமில்லை. எனினும் வழக்கம் நிலைத்ததற்கு வேறொரு நல்ல காரணம் உண்டு. 2014 ஏப்ரலில், மறைகுறியாக்க நூலகமான ஓப்பன்எஸ்எஸ்எல்லில் 'ஹார்ட்பிளீட்' என்று பெயர்பெற்ற ஓட்டை வெளிப்பட்டபோது, அந்நூலகத்தைப் பகிர்ந்து பயன்படுத்திய கணினிகளில் ஓட்டையை அடைப்பதற்குக் கோப்பை மாற்றி நிரல்களை மறுபடி தொடங்கியதே பெரும்பாலும் போதுமானதாக இருந்தது. நூலகத்தைத் தம் உடலுக்குள்ளேயே புதைத்துக்கொண்டிருந்த நிரல்களையும் கருவிகளையும் தேடிப்பிடித்து ஒவ்வொன்றாகத் திருத்துவதுதான் நெடுநாள் இழுத்தது. பகிர்வுக்கு மறுபக்கமும் உண்டு: ஒரு நிரல் தனக்குப் பிடித்த பழைய பதிப்பைக் கொண்டுவந்து பொதுக்கோப்பின் மேல் எழுதிவிட, மற்ற நிரல்கள் எல்லாம் படுத்துவிடும் தொல்லை 1990களில் 'டி.எல்.எல். நரகம்' என்றே அழைக்கப்பட்டது. விண்டோஸ் 2000 முதல் முக்கியக் கோப்புகளுக்கு இயங்குதளமே காவல் வைத்ததால் அத்தொல்லை பெரிதும் தணிந்தது. எடுத்துக்கொண்ட பொருளுக்கு அது முன்கதை மட்டுமே.

கண்காணிப்பு நிரல் ஒன்று எதைப் பார்க்கிறது என்பதை நெருங்கிப் பார்த்தால்தான் சிக்கல் விளங்கும். லினக்ஸ் கணினியில் எந்தெந்த நிரல்கள் ஓடுகின்றன, எது எவ்வளவு உழைப்பை உறிஞ்சுகிறது என்று காட்டும் 'டாப்' என்னும் எளிய கட்டளையை எடுத்துக்கொள்ளலாம். இயங்குதளத்தின் மையமாகிய கருநிரல், ஓடும் ஒவ்வொரு நிரலுக்கும் 'ப்ராக்' என்னும் அடைவுக்குள் எண்ணால் பெயரிட்ட ஓர் அறையைத் திறந்து வைக்கிறது. டாப் அந்த அடைவை வரிசையாகப் படித்து, ஒவ்வோர் அறையிலும் எழுதியிருப்பதை எடுத்துத் திரையில் அடுக்குகிறது. ஆனால் அடைவைப் படிக்கும் வேலையை டாப் தானே செய்வதில்லை. சி நூலகம் என்னும் பொதுக்கோப்பில் உள்ள ஒரு செயல்கூற்றிடம் 'அடுத்த பெயர் என்ன, அடுத்த பெயர் என்ன' என்று கேட்டுக் கேட்டு வாங்குகிறது. லினக்ஸ் ஏற்றிக்கு ஒரு சலுகையும் உண்டு: குறிப்பிட்ட ஒரு பட்டியல் கோப்பில் பெயர் எழுதிவைத்த நூலகத்தை மற்ற எல்லா நூலகங்களுக்கும் முன்பாக ஏற்றும். சோதனைக்கும் பிழைதிருத்தத்துக்கும் உதவும் நேர்மையான வசதி இது. முதன்மை அதிகாரம் கைப்பற்றிய ஊடுருவி அந்தப் பட்டியலில் ஒற்றை வரி எழுதி, அதே பெயருடைய தன் செயல்கூற்றை முன்னே நிறுத்திவிட்டால், டாப் கேட்கும் ஒவ்வொரு முறையும் அது உண்மையான நூலகத்திடம் கேட்டு வாங்கி, தன்னுடைய நிரலின் பெயர் வரும்போது மட்டும் அதை விழுங்கிவிட்டு அடுத்ததைக் கொடுக்கும். திரையில் எல்லாம் அமைதியாக இருக்கும். பிறர் கணினியில் திருட்டுத்தனமாக மின்காசு தோண்டும் கும்பல்களுக்கு இது கைவந்த வித்தை.

இதைக் கண்டுபிடிப்பது எப்படி என்பதும் சுவையானது. திரையில் வேலை எதுவும் காணோம்; ஆனால் விசிறி இரைகிறது. (மலைக் குளிரில் கணினியின் விசிறி எளிதில் இரையாது என்பதால், கேமரன் மலைப் பக்கத்தில் அந்தச் சத்தத்துக்குக் கூடுதல் பொருள் உண்டு.) அப்போது, எந்தப் பொது நூலகத்தையும் கேளாமல், தேவையான எல்லாவற்றையும் தன் உடலிலேயே கொண்டுள்ள 'நிலையிணைப்பு' நிரல் ஒன்றை வெளியிலிருந்து கொண்டுவந்து ஓட்டினால், அது நேரே கருநிரலிடம் கேட்கும், மறைந்திருந்த பெயர் பட்டியலில் வந்து நிற்கும். டாப் பொய் சொல்லவில்லை. அதன் காதில் ஓதப்பட்டதை அது அப்படியே திருப்பிச் சொன்னது.

தோட்டத் தமிழர் வரலாற்றில் இதற்கு இணையான ஒரு பொருள் உண்டென்றால் அது தராசு. பறித்த கொழுந்தின் எடைதான் கூலி என்றிருந்த காலத்தில், கூடை தொங்கும் தராசு ஒன்றுதான். அதைப் பிடித்தவர் வேலை மேற்பார்த்த கங்காணியோ கணக்கெழுதிய கிராணியோ எவராயினும், முள் காட்டியதே அன்றைய வரவு. முள் ஒரு கோடு கீழே நின்றால் வரிசையில் நின்ற அத்தனை பேருக்கும் ஒரே அளவில் குறையும். எல்லோருக்கும் சமமாகக் குறைவதால் ஒருவர் எடையை மற்றவர் எடையோடு ஒப்பிட்டுப் பார்த்தும் குறையை அறிய முடியாது. பொதுக்கருவியின் பிழைக்குரிய தனிக்குணம் இதுவே: அது பரவலாக நிகழ்வதாலேயே கண்ணுக்குத் தெரிவதில்லை. களத்தில் ஒருமுறை நிறுத்த கொழுந்தை ஆலை வாசலில் வேறொரு தராசில் மறுபடி நிறுக்கும்போதுதான் வேறுபாடு கணக்கில் ஏறும். கணினிக் காவலின் அண்மைக்கால வரலாற்றில் பெரிய மோசடிகள் பிடிபட்ட முறையைப் பார்த்தால், அவையும் இரண்டாவது தராசினாலேயே பிடிபட்டன என்பது தெரியவரும். அந்த இரண்டாவது தராசு பல வேளைகளில் தற்செயலாக வந்து வாய்த்தது என்பதுதான் கவலைக்குரியது.

மலேசியாவில் 1972ஆம் ஆண்டு எடை அளவைச் சட்டத்தின்படி வணிகத் தராசுகளைச் சோதித்து முத்திரை குத்துகிறார்கள். மென்பொருள் உலகில் அந்த முத்திரைக்கு ஈடானது இலக்கவியல் கையொப்பம். ஒரு கோப்பு இன்ன நிறுவனத்திடமிருந்து வந்தது, வழியில் எவரும் அதைத் தொடவில்லை என்று கணித முறையில் உறுதி செய்யும் அடையாளம் அது. முத்திரை குத்துமுன்பே தராசுக்குள் கை வைத்தால் என்ன ஆகும் என்பதற்கு, அமெரிக்காவின் டெக்சஸ் மாநிலத்தைச் சேர்ந்த சோலார்விண்ட்ஸ் நிறுவனத்தின் 'ஓரியன்' மென்பொருளுக்கு நேர்ந்ததைவிடத் தெளிவான சான்று இல்லை. ஓரியன் என்பது பெரிய நிறுவனங்களின் வலையமைப்புகளில் எந்த வழங்கி சோர்ந்திருக்கிறது, எந்த வட்டு நிரம்பிவிட்டது, எந்தத் தொடர்பு அறுந்தது என்று ஓயாமல் நாடிபார்க்கும் நலக் கண்காணிப்பு மென்பொருள். நாடிபார்க்கும் உரிமை அதற்கு இருந்ததால், எல்லா அறைகளின் சாவியும் அதனிடம் இருந்தது. ஊடுருவியவர்கள் 2019 செப்டம்பரிலேயே அந்நிறுவனத்தின் உள்ளே வந்திருந்தனர். மூல நிரல் களஞ்சியத்தில் கை வைத்தால் யாரேனும் பார்த்துவிடுவார்கள் என்று எண்ணியோ என்னவோ, அவர்கள் தொகுப்புக் கணினியில் ஒரு சிறு ஒற்றன் நிரலை இருத்தினார்கள். மூல நிரலை ஓடத்தக்க கோப்பாக மாற்றும் பணி தொடங்கும் கணத்துக்காக அது காத்திருந்து, தொடங்கியதும் ஒரேயொரு மூலக்கோப்பை மாற்றிவைத்து, தொகுப்பு முடிந்ததும் பழைய கோப்பை இருந்தபடியே திருப்பி வைத்துவிட்டது. சோறு வேகும் நேரத்தில் மட்டும் அடுக்களைக்குள் நுழைந்து வெளியேறியது போல.

அப்படி வெந்து வந்த கோப்பின் பெயர் சோலார்விண்ட்ஸ்.ஓரியன்.கோர்.பிசினஸ்லேயர்.டிஎல்எல். அதன்மேல் நிறுவனத்தின் உண்மையான கையொப்பமே இருந்தது. 2020 மார்ச் முதல் ஜூன் வரை வெளியான புதுப்பிப்புகளின் வழியாக, 18,000-க்குச் சற்றுக் குறைவான வாடிக்கையாளர்களிடம் அது போய்ச் சேர்ந்தது. சேர்ந்தவுடன் அது எதையும் செய்யவில்லை. ஏறக்குறைய இரண்டு வாரம் சும்மா கிடந்தது. பிறகு, தன்னைச் சுற்றி எந்தெந்தக் காவல் நிரல்கள் ஓடுகின்றன என்று பார்த்து, தனக்கு ஆகாத சில பெயர்கள் தென்பட்டால் மேலே போகாமல் அடங்கிவிட்டது. வெளியே அனுப்பிய செய்திகளையும் ஓரியன் வழக்கமாக அனுப்பும் புள்ளிவிவரச் செய்திகளின் உருவத்திலேயே அனுப்பியது. காவலுக்கு வைத்த கோப்பே வேவு பார்த்தபோது, அதைக் காவல் பார்க்க வேறு கோப்பு அங்கே இல்லை. 2020 டிசம்பரில் அது பிடிபட்டதற்குக் காரணம் எந்தக் கண்காணிப்பு நிரலும் அன்று. ஃபயர்ஐ என்னும் பாதுகாப்பு நிறுவனத்தில், ஊழியர் ஒருவரின் கணக்கில் இரண்டாவது கைப்பேசி ஒன்று பதிவானதைக் கவனித்த அலுவலர், அவரையே கூப்பிட்டு 'புதுக் கைப்பேசி வாங்கினீர்களா' என்று விசாரித்ததும், அவர் இல்லை என்றதுமே நூலின் முனையாக அமைந்தது. அம்முனையைப் பிடித்து இழுத்தவர்கள் டிசம்பர் 13 அன்று ஓரியனின் கோப்பு வரை வந்து சேர்ந்தார்கள். அமெரிக்க அரசு 2021 ஏப்ரலில் இத்தாக்குதலை ரஷ்ய வெளிநாட்டு உளவு அமைப்பின் மேல் சாற்றியது.

2024இல் வெளிப்பட்ட இன்னொரு நிகழ்ச்சி இதைவிட நுட்பமானது. தோட்டத்துப் பெரட்டை அறிந்தவர்களுக்கு எளிதில் விளங்கக்கூடியதும் ஆகும். பெரட்டு எனப்படும் விடியற்காலை ஆள்கணக்கெடுப்பில் பெயர் கூப்பிட்டதும் 'வந்திருக்கிறேன்' என்று குரல் கொடுத்தால்தான் அன்றைக்குப் பேர் விழும். லினக்ஸ் கணினிகள் பலவற்றில் 'சிஸ்டம்டி' என்னும் மேலாளர் நிரல் இப்படித்தான் பணி நிரல்களின் வருகைப் பதிவு எடுக்கிறது: பணி நிரல் ஒன்று எழுந்து வேலைக்கு ஆயத்தமானதும் ஒற்றை வரிச் செய்தியை அதற்கு அனுப்ப வேண்டும். தொலைவிலிருந்து கணினிக்குள் நுழைய உதவும் ஓப்பன்எஸ்எஸ்எச் நிரலை எழுதியவர்கள் அந்த ஏற்பாட்டை அதில் வைக்கவில்லை. டெபியன், ஃபெடோரா போன்ற லினக்ஸ் வழங்கல்களின் பொறுப்பாளர்கள், வருகைப் பதிவு ஒழுங்காக நடக்கட்டும் என்று, லிப்சிஸ்டம்டி என்னும் பகிர்வு நூலகத்தை அதனோடு ஒட்டுப்போட்டு இணைத்தார்கள். லிப்சிஸ்டம்டியோ தன் சொந்தத் தேவைக்காக லிப்எல்இசட்எம்ஏ என்னும் தரவுச் சுருக்க நூலகத்தைக் கூடவே அழைத்துவந்தது. இவ்வாறு, வாயிற்கதவைக் காக்கும் நிரலுக்குள், அதற்குச் சற்றும் தேவையில்லாத ஒரு சுருக்க நூலகம், 'வந்திருக்கிறேன்' என்ற ஒரு சொல்லின் பொருட்டு வந்து குடியேறியது.

அந்தச் சுருக்க நூலகத்தைப் பல ஆண்டுகளாக ஊதியமின்றிப் பராமரித்துவந்தவர் லாஸ்ஸே காலின். 2021 முதல் 'ஜியா டான்' என்ற பெயரில் ஒருவர், அல்லது ஒரு குழு, பொறுமையாகத் திருத்தங்கள் அனுப்பி நம்பிக்கை பெற்று, கூட்டுப் பராமரிப்பாளர் ஆனார். வேலை தாமதமாகிறது என்று காலினைக் கடிந்துகொண்ட சில பெயர்களும் அதே காலத்தில் தோன்றி மறைந்தன. 2024 பிப்ரவரியில் வந்த 5.6.0, அடுத்த மாதம் வந்த 5.6.1 ஆகிய பதிப்புகளில் இரகசிய வாசல் ஒன்று வைக்கப்பட்டிருந்தது. அது ஒளிந்திருந்த இடம் பாராட்டும்படி இருந்தது என்று சொன்னால் தவறாகாது: சோதனைக்காக வேண்டுமென்றே கெடுத்துவைத்த மாதிரிக் கோப்புகள் என்ற பெயரில், எவரும் திறந்து படிக்க முடியாத கோப்புகளுக்குள் அது இருந்தது. கெட்டுப்போனதாக எழுதி ஒட்டிய பெட்டியை யார் திறந்து பார்ப்பார்?

பார்த்தவர் ஆண்ட்ரெஸ் ஃபிராய்ண்ட். தரவுத்தளப் பொறியாளரான அவர், தம் சோதனைக் கணினியில் வேகத்தை அளந்துகொண்டிருந்தபோது, உள்நுழைவுக்குச் செலவாகும் நேரம் வழக்கத்தைவிட அரை நொடி கூடியிருப்பதைக் கண்டார், ஏறத்தாழ 0.3 நொடி ஆக வேண்டியது 0.8 நொடி ஆனது. அரை நொடியைச் சும்மா விட மனமில்லாமல் துருவிப்போனவர், 2024 மார்ச் 29 அன்று உலகுக்கு அறிவித்தார். வழங்கல்களின் முன்னோட்டப் பதிப்புகளோடு அந்தக் கேடு நின்றுபோனது. இங்கும் காட்டிக்கொடுத்தது கடிகாரம். காவல் நிரல் அன்று.

இன்னும் பின்னே சென்றால், ஈரானின் நதான்ஸ் அணு ஆலையைத் தாக்கி 2010இல் வெளிப்பட்ட ஸ்டக்ஸ்நெட் என்னும் தீநிரலின் கதை பலரும் அறிந்தது என்பதால் அதில் ஒரு கோப்பை மட்டும் சுட்டினால் போதும். சீமென்ஸ் கட்டுப்பாட்டுக் கருவிகளோடு பொறியாளர்களின் கணினி பேசுவதற்கு உதவிய டி.எல்.எல். கோப்பின் பெயரை மாற்றி ஓரமாக வைத்துவிட்டு, அதே பெயரில் தன் கோப்பை ஸ்டக்ஸ்நெட் அமர்த்தியது. பொறியாளர் கருவிக்குள் இருக்கும் கட்டளைகளைக் கேட்டபோதெல்லாம், மாற்றப்பட்டவற்றை மறைத்துப் பழையவற்றையே காட்டியது. தமிழ்நாட்டின் கூடங்குளம் அணுமின் நிலையத்தில் 2019இல் நடந்தது அவ்வளவு ஆழமானதன்று. ஆனால் இங்கே சொல்லத் தக்கது. இந்தியக் கணினி அவசரநிலைக் குழு செப்டம்பர் 4 அன்று இந்திய அணுமின் கழகத்துக்கு அறிவித்ததை வைத்தே தீநிரல் ஒன்று இருப்பது தெரியவந்தது. அது நிருவாகப் பணிக்காக இணையத்தோடு இணைந்திருந்த வலையமைப்பின் கணினி என்றும், உலைக் கட்டுப்பாட்டு அமைப்புகள் தனித்து விலக்கப்பட்டவை என்றும் அக்டோபர் 30 அன்று கழகம் உறுதிசெய்தது. அதற்கு முந்தைய நாள்தான் நிலையத்தின் சார்பில் மறுப்பு வந்திருந்தது. தகவல் வெளியிலிருந்து வந்தது என்பதும், தனித்து விலக்கி வைத்தது பயன் தந்தது என்பதும் ஒருசேரப் பார்க்க வேண்டியவை.

இதுவரை சொன்னவை பகைவரின் கைவேலை. பகையே இல்லாமலும் பொதுக்காவல் ஊரைப் படுக்கவைக்க முடியும் என்பதை மலேசியர்கள் 2024 ஜூலை 19, வெள்ளிக்கிழமை நண்பகலில் கண்டார்கள். கிரவுட்ஸ்டிரைக் நிறுவனத்தின் பாதுகாப்பு நிரல் விண்டோஸின் கருநிரலுக்குள்ளேயே அமர்ந்து வேலை செய்வது. சாதாரண நூலகம் பிழைத்தால் அதை அழைத்த நிரல் மட்டும் விழும், கருநிரலுக்குள் பிழைத்தால் கணினியே விழும். மலேசிய நேரம் 12 மணி 9 நிமிடத்துக்கு அனுப்பப்பட்ட விதிக்கோப்பு 21 விவரங்களை எதிர்பார்த்தது. நிரல் அதற்குக் கொடுத்தது 20. இல்லாத இருபத்தோராவது விவரத்தைத் தேடிப்போன நிரல் தனக்கு உரிமையில்லாத நினைவிடத்தைத் தொட, திரைகள் நீலமாயின. 1 மணி 27 நிமிடத்துக்கு அந்தக் கோப்பு திரும்பப் பெறப்பட்டுவிட்டது. அதற்குள் 85 இலட்சம் கணினிகள் பாதிக்கப்பட்டதாக மைக்ரோசாப்ட் மதிப்பிட்டது. விழுந்த கணினி இணையத்தைத் தொடுமுன்பே மறுபடி விழுந்ததால், பலவற்றை ஒவ்வொன்றாகக் கையால் எழுப்ப வேண்டியிருந்தது. கோலாலம்பூர் விமான நிலையத்தின் இரண்டாம் முனையத்தில் ஏர்ஏசியா பயணிகளைக் கையால் எழுதிப் பதிவு செய்தார்கள். ஐந்து அரசு அமைப்புகளும் ஒன்பது நிறுவனங்களும் பாதிக்கப்பட்டதாக அறிவித்த இலக்கவியல் அமைச்சர் கோபிந்த் சிங் டியோ, இழப்பீட்டுக் கோரிக்கைகளைக் கருதிப் பார்க்கும்படி கிரவுட்ஸ்டிரைக், மைக்ரோசாப்ட் ஆகிய இரு நிறுவனங்களையும் கேட்டுக்கொண்டார்.

இதைக் கண்டபின் பொதுக்கருவியே வேண்டாம், எல்லாவற்றையும் ஒவ்வொரு நிரலும் தனித்தனியே சுமக்கட்டும் என்று முடிவு கட்டுவது அவசரம். ஹார்ட்பிளீட் திருத்தம் யாருக்கு எளிதாக இருந்தது, யாரிடம் இழுத்தது என்பதை மறந்த முடிவு அது. செய்யத்தக்கவை அதைவிடச் சிறியவை. ஒரு மென்பொருளுக்குள் எந்தெந்த நூலகங்கள் எந்தெந்தப் பதிப்பில் உள்ளன என்னும் உட்பொருள் பட்டியலைக் கேட்டு வாங்கும் வழக்கத்தை, சோலார்விண்ட்ஸ் நிகழ்ச்சிக்குப் பிறகு 2021 மே மாத ஆணை ஒன்றின் வழியாக அமெரிக்க அரசு வற்புறுத்தத் தொடங்கியது. பாக்குப் பொட்டலத்தில்கூட உட்பொருள் அச்சிடும் காலத்தில் இது கேட்கக்கூடாத கேள்வி அன்று. பாதுகாப்பு நிரல்களைக் கருநிரலுக்கு வெளியே கொண்டுவரும் திட்டத்தை மைக்ரோசாப்ட் 2024 நவம்பரில் அறிவித்தது.

மலேசியாவில் 2024 ஆகஸ்டு 26 அன்று நடைமுறைக்கு வந்த இணையப் பாதுகாப்புச் சட்டம், நாட்டின் இன்றியமையாத தகவல் கட்டமைப்புகளைப் பதினொரு துறைகளாக வகுத்து, ஆண்டுக்கு ஒருமுறையேனும் இடர் மதிப்பீடும், ஈராண்டுக்கு ஒருமுறையேனும் தணிக்கையும் வேண்டும் என்கிறது. வங்கி, மின்சாரம், நீர் ஆகியவற்றோடு வேளாண்மையும் தோட்டத்துறையும் அப்பட்டியலில் ஒரு துறையாக நிற்பது கேமரன் மலைக்காரர் கவனிக்கத் தக்கது. சட்டம் தொடுவது அவ்வாறு குறித்து நியமிக்கப்பட்ட அமைப்புகளை மட்டுமே. காய்கறி லாரிக் கணக்கு வைத்திருக்கும் கொட்டகைக் கணினியும், பள்ளி அலுவலகக் கணினியும் அதன் கைக்கு எட்டாதவை. அத்தகைய இடங்களில், சந்தேகம் எழுந்த கணினியை அதன் சொந்த இயங்குதளத்தில் எழுப்பாமல், தனி இயங்குதளம் ஏற்றிய விரலிநினைவகம் ஒன்றைச் செருகி எழுப்பி வட்டை வெளியாள் கண்ணால் பார்ப்பது, செலவில்லாத இரண்டாவது தராசாக அமையும். அந்த விரலிநினைவகத்தை அதே கணினியில் தயாரிக்கக் கூடாது என்பதைப் பயிற்சி வகுப்புகளில் இரண்டு முறை சொல்ல வேண்டியிருக்கும்.

ஓப்பன்எஸ்எஸ்எச்சை எழுதுகிறவர்கள் செய்தது இன்னும் எளிமையானது. 2024 ஜூலையில் வந்த 9.8 பதிப்பில், சிஸ்டம்டிக்கு அனுப்ப வேண்டிய அந்த ஒற்றை வரிச் செய்தியை நூலகம் எதையும் அழைக்காமல் தாங்களே சில வரிகளில் எழுதிச் சேர்த்தார்கள். பெரட்டில் அந்நிரல் இப்போதும் 'வந்திருக்கிறேன்' என்கிறது. அதைச் சொல்ல இன்னொருவர் வாயைக் கடன் வாங்குவதில்லை.